பதினாறு கட்டத்துக்குள் ஓர் அணு உலை: ஃபேக்டோரியோவின் கையடக்க உலை குறித்த மதிப்புரை

செக் நாட்டின் பிராக் நகரில் இயங்கும் வூப் சாஃப்ட்வேர் நிறுவனத்தின், தொழிற்சாலை கட்டும் கணினி விளையாட்டான ஃபேக்டோரியோவில், ஆட்டக்காரரின் பாத்திரமான பொறியாளர் அணியும் கவசத்துக்கு மின்சாரம் உற்பத்தி செய்து தரும் கருவிகள் அடிப்படைப் பதிப்பில் இரண்டே இரண்டுதான். ஒன்று, கருவிகளைப் பொருத்துவதற்காகக் கவசத்துக்குள் இருக்கும் சதுரக் கட்டங்களில் ஒரே ஒரு கட்டத்தை மட்டும் எடுத்துக்கொள்ளும் சிறிய சோலார் பேனல். மற்றொன்று, நான்குக்கு நான்கு என்ற அளவில் பதினாறு கட்டங்களை ஒரேயடியாக அடைத்துக்கொள்ளும் கையடக்க அணு உலை. இரண்டாவதைப் பற்றியே இங்கே எழுதுகிறேன். 2020 ஆகஸ்டில் விளையாட்டின் முழுப் பதிப்பு வெளிவந்தபோது இது அணுக்கருக்களை இணைத்து ஆற்றல் தரும் இணைவு உலை என்று அழைக்கப்பட்டது. 2024 அக்டோபரில் 2.0 பதிப்பும் ஸ்பேஸ் ஏஜ் விரிவாக்கமும் சேர்ந்து வந்தபோது, இணைவு உலை என்ற பெயர் விரிவாக்கத்தில் அறிமுகமான, இன்னும் வலிமையான ஒரு கருவிக்குப் போய்விட, பழைய கருவி, அணுக்கருவைப் பிளந்து ஆற்றல் தரும் பிளவு உலை ஆனது. பெயர் மாறினாலும் அதன் உற்பத்தித் திறன் மாறவில்லை. அன்றும் இன்றும் 750 கிலோவாட்.

அந்த எண்ணை முதலில் மனத்தில் வாங்கிக்கொள்வது நல்லது. 750 கிலோவாட் என்பது ஏறத்தாழ ஆயிரம் குதிரைத்திறன். வயல்வெளிக் கிணறுகளில் ஓடும் ஐந்து குதிரைத்திறன் பம்புசெட்டுகளில் இருநூற்றை ஒரே நேரத்தில் ஓட்டக்கூடிய மின்சாரத்தை, தனி மனிதர் ஒருவர் தம் சட்டைக்குள் வைத்துக்கொண்டு ஓடுகிறார், மரம் வெட்டுகிறார், பிட்டர் என்னும் எதிரி உயிரினங்களின் கூட்டங்களோடு சண்டை போடுகிறார். இதற்கு எரிபொருள் ஊற்ற வேண்டியதில்லை, பழுது பார்க்க வேண்டியதில்லை, இரவு பகல் என்ற வேறுபாடும் இதற்குக் கிடையாது. கட்டத்தில் பொருத்திய நொடியிலிருந்து அது இருப்பதையே ஆட்டக்காரர் மறந்துவிடலாம். தொழிற்சாலையின் ஒவ்வொரு மூலையிலும் மின்சாரத்துக்காகக் கணக்குப் போட்டுக்கொண்டே இருக்க வைக்கும் ஒரு விளையாட்டில் இந்த மறதி எவ்வளவு பெரிய நிம்மதி என்பதை, இருட்டுவதற்குள் கொதிகலனுக்கு நிலக்கரி போய்ச் சேருமா என்று தவித்த எவரும் உணர்வார்கள்.

ஆனால் இந்த உலையின் உண்மையான மதிப்பை அந்த 750 என்ற எண்ணை மட்டும் வைத்து அளக்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. கவசத்துக்குள் அரிதான சரக்கு மின்சாரம் என்று தோன்றினாலும், உள்ளபடியே அரிதாக இருப்பது இடம்தான். எனவே கேட்க வேண்டிய கேள்வி, ஒரு கட்டத்துக்கு எத்தனை கிலோவாட் கிடைக்கிறது என்பதே. 750ஐப் பதினாறால் வகுத்தால் கட்டத்துக்கு ஏறக்குறைய 47 கிலோவாட் வருகிறது. சோலார் பேனல் நல்ல வெயிலில் கட்டத்துக்கு 30 கிலோவாட் தருகிறது. ஆட்டம் தொடங்கும் நோவிஸ் கோளின் ஒரு முழு நாள், இரவையும் சேர்த்து, ஏறக்குறைய ஏழு நிமிடம். அந்தச் சுழற்சி முழுவதற்கும் சராசரி எடுத்தால் பேனலின் உற்பத்தி 21 கிலோவாட்டுக்கு இறங்குகிறது. ஆக, விளையாட்டின் இறுதிக் கட்டத்தில் கிடைக்கும் இந்த அணு உலை, அதற்கு வெகுமுன்பே கிடைத்துவிடும் எளிய பேனலைவிடச் சராசரியில் இரண்டே கால் மடங்கு கூட அடர்த்தி மிக்கதன்று. பத்து மடங்கு, இருபது மடங்கு என்று எதிர்பார்த்து வருபவருக்கு இந்தக் கணக்கு வியப்பைத் தரும். உலை தரும் அதிகப் பயன் அதன் நிலைத்தன்மையில் இருக்கிறது. பேனலை நம்பும் கவசம் இரவைச் சமாளிக்க மின்கலங்களுக்காக மேலும் சில கட்டங்களை ஒதுக்க வேண்டியிருக்கும், உலையை நம்பும் கவசத்துக்கு அந்தத் தேவை இல்லை.

இதைவிடவும் முக்கியமானது உலையின் வடிவம். இந்த விளையாட்டில் கவசத்துக்குள் வைக்கும் கருவிகளைத் திருப்பி வைக்க முடியாது. நிமிர்ந்த கருவி நிமிர்ந்தே இருக்கும், படுத்த கருவி படுத்தே இருக்கும். இந்த ஒரே விதியும் உலையின் சதுர உருவமும் சேர்ந்து கவசத்தின் அமைப்பு முழுவதையும் தீர்மானித்துவிடுகின்றன. ஏழுக்கு ஏழு கட்டங்கள் கொண்ட பவர் ஆர்மர் என்ற கவசத்தை எடுத்துக்கொள்வோம். அதில் நான்குக்கு நான்கு சதுரம் ஒன்றை எந்த மூலையில் வைத்தாலும், அது நட்ட நடுவிலுள்ள கட்டத்தை மூடாமல் இருக்க முடியாது. ஆகவே இரண்டாவது உலைக்கு அங்கே இடமே இல்லை. நாற்பத்தொன்பது கட்டங்கள் இருந்தும் முப்பத்திரண்டு கட்டப் பொருள் நுழையாது. அடுத்து, ஓட்டத்தை வேகப்படுத்தும் எக்ஸோஸ்கெலிட்டனைப் பார்க்கலாம். அது இரண்டு கட்ட அகலமும் நான்கு கட்ட உயரமும் கொண்டது. ஏழு வரிசை உயரமுள்ள கவசத்தில் நான்கு கட்ட உயரமுள்ள எந்தப் பொருளும் நடு வரிசையைத் தொட்டே தீரும். அந்த வரிசையின் ஏழு கட்டங்களில் நான்கை உலை விழுங்கிவிட்டால் மிஞ்சுபவை மூன்று. அதில் எக்ஸோஸ்கெலிட்டன் ஒன்றுதான் நிற்கும்.

இதன் விளைவைப் பாருங்கள். உலை இல்லாத பவர் ஆர்மரில் மூன்று எக்ஸோஸ்கெலிட்டன்களை அருகருகே நிறுத்தலாம். உலையை வைத்த பிறகு ஒன்றுக்கு மேல் முடியாது. ஓடும்போது ஒவ்வோர் எக்ஸோஸ்கெலிட்டனும் 200 கிலோவாட் எடுக்கிறது என்பதால், மூன்றை ஓட்டத் தேவையான 600 கிலோவாட்டை ஓர் உலை தாராளமாகத் தந்துவிடும். ஆனால் அந்த மின்சாரத்தைச் செலவழிப்பதற்கான கருவிகளை வைக்கும் இடத்தை அந்த உலையே எடுத்துக்கொண்டுவிடுகிறது. பவர் ஆர்மர் அணிந்திருக்கும் ஆட்டக்காரர் வேகத்துக்காக இந்த உலையைச் செய்ய நினைத்தால் வேண்டாம் என்றே சொல்வேன். கட்டுமான ரோபோக்களைச் சுமந்து செல்லும் ரோபோபோர்ட்டுக்காகவோ, கேடயங்களுக்காகவோ செய்தால் அதில் பொருள் இருக்கிறது. அவை இரண்டுக்கு இரண்டு அளவிலான சிறிய சதுரங்கள். உலையைச் சுற்றி மிஞ்சும் வளைந்த இடத்தில் அவை நன்றாகப் பொருந்துகின்றன.

பவர் ஆர்மரின் மேம்பட்ட வடிவமான, பத்துக்குப் பத்து கட்டங்கள் கொண்ட இரண்டாம் தர பவர் ஆர்மருக்கு வரும்போது நிலைமை அடியோடு மாறிவிடுகிறது. இந்தக் கருவி உண்மையில் இந்தக் கவசத்துக்காகவே வடிவமைக்கப்பட்டது என்று நினைக்கத் தோன்றும் அளவுக்கு இரண்டும் இசைந்து போகின்றன. நான்கு உலைகளை ஒரு மூலையில் எட்டுக்கு எட்டாக அடுக்கினால், வலப்புறம் இரண்டு கட்ட அகலத்தில் மேலிருந்து கீழ் வரை ஒரு பட்டை மிஞ்சும், அடியில் இரண்டு கட்ட உயரத்தில் மற்றொரு பட்டை மிஞ்சும். வலப் பட்டையில் இரண்டு எக்ஸோஸ்கெலிட்டன்கள் ஒன்றின் கீழ் ஒன்றாக நிற்கும். அதன் கீழ் முனையிலும் அடிப் பட்டையிலுமாக ஐந்து சிறிய சதுரக் கருவிகள் உட்காரும். ஒரு கட்டம் கூட வீணாகாமல் நூறும் நிரம்பிவிடும். மூன்று மெகாவாட் மின்சாரம், இரண்டு எக்ஸோஸ்கெலிட்டன்கள், அவரவர் விருப்பப்படி ஐந்து கேடயங்களோ லேசர்களோ ரோபோபோர்ட்டுகளோ என்று அமையும் இந்த அடுக்கில் எனக்குத் தனிப் பிரியம் உண்டு. எனினும் பெரும்பாலானவர்களுக்கு நான்கு உலைகள் தேவைப்படாது. இரண்டு உலைகளை வைத்துக்கொண்டு, மீதி இடத்தை எக்ஸோஸ்கெலிட்டன்களுக்கும் ரோபோபோர்ட்டுகளுக்கும் மின்கலங்களுக்கும் பிரித்துக் கொடுப்பது அன்றாட வேலைக்கு இன்னும் வசதியாக இருக்கும்.

மின்கலங்கள் எதற்கு என்று கேட்கலாம். உலை ஒரே சீரான ஓட்டத்தைத் தருகிறது, ஆனால் கவசத்தின் தேவை சீரானதன்று. பெரியதொரு கட்டுமான வரைபடத்தை நிலத்தில் ஒட்டிவிட்டு ரோபோக்கள் அனைத்தையும் பறக்கவிடும்போது, அவை திரும்பி வந்து மின்னேற்றம் கேட்கும் நேரத்தில், ரோபோபோர்ட் ஒன்றே ஓர் உலையின் முழு உற்பத்தியையும் உறிஞ்சிவிடும். லேசர்களும் அப்படித்தான், எதிரி இல்லாதபோது சும்மா இருந்துவிட்டு, கூட்டத்தின் நடுவில் சிக்கும்போது ஒரேயடியாகக் கேட்கும். மேம்பட்ட வகையான இரண்டாம் தர மின்கலம் ஒன்று 100 மெகாஜூல் கொள்ளும். வேறெதுவும் இயங்காத நிலையில் ஓர் உலை அதை இரண்டே கால் நிமிடத்துக்குள் நிரப்பிவிடும். அடுத்த சண்டைக்கு நடந்து போகும் நேரத்தில் கலம் மீண்டும் நிறைந்திருக்கும் என்பதால், உலைகளின் எண்ணிக்கையைக் கூட்டுவதைவிட ஓர் உலையோடு சில மின்கலங்களைச் சேர்ப்பது பல வேளைகளில் புத்திசாலித்தனமான முடிவு. உலையில்லாத கவசத்தில் மின்கலம் என்பது கரைந்துகொண்டே போகும் சேமிப்பு; உலையோடு சேரும்போதுதான் அது உண்மையான கையிருப்பாகிறது.

விலையைப் பொறுத்தவரை இந்தக் கருவி இரக்கம் காட்டுவதில்லை. ஆய்வுக்குச் செலவாகும் மஞ்சள் நிற அறிவியல் பொதிகள் உற்பத்தியாகத் தொடங்கிய பிறகே இதற்கான ஆய்வு திறக்கும். ஓர் உலைக்கு நீல சர்க்யூட்டுகள் 200, எடை குறைந்த கட்டமைப்புப் பாகங்கள் 50 தேவை. இவற்றைப் பிரித்துப் பிரித்து அடிமட்டம் வரை போனால்தான் விலையின் கனம் தெரியும். நீல சர்க்யூட் ஒவ்வொன்றும் இருபது பச்சை சர்க்யூட்டுகளையும் இரண்டு சிவப்பு சர்க்யூட்டுகளையும் கேட்கிறது, சிவப்பு ஒவ்வொன்றும் மீண்டும் பச்சையையே கேட்கிறது, கட்டமைப்புப் பாகம் ஒவ்வொன்றும் இருபது செப்புத் தகடுகளைத் தின்கிறது. எல்லாவற்றையும் கூட்டினால் செப்புத் தகடுகள் 9,000, இரும்புத் தகடுகள் ஏறத்தாழ 5,300, பிளாஸ்டிக் 1,050, அதற்கு மேல் கந்தக அமிலம் 1,000 அலகு. 2.0 பதிப்பில் நான்கு யுரேனிய எரிபொருள் கலங்களும் சேர்ந்துகொண்டன. இந்தச் சேர்க்கை எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது. யுரேனியச் சுரங்கத்தைத் தொடாமலே அணு உலையைக் கையில் வாங்கிவிடும் பழைய முரண்பாடு இதனால் நீங்கியது. நீல சர்க்யூட்டுகளைச் சிறிய அளவில் செய்துகொண்டிருக்கும் தொழிற்சாலையில் இருநூறு சேர்வதற்குள் பொறுமை சோதிக்கப்படும். ஆகவே உலையை விரும்புகிறவர் முதலில் கவனிக்க வேண்டியது கந்தக அமிலக் குழாயும் பச்சை சர்க்யூட் வரிசையும்தான்.

இனி, இந்தக் கற்பனைக் கருவியை நிஜ உலகத்தின் அருகில் வைத்துப் பார்க்கலாம். செவ்வாயில் உலவும் கியூரியாசிட்டி ஊர்தி, புளூட்டோனியத்தின் வெப்பத்திலிருந்து மின்சாரம் எடுக்கும் ஒரு கருவியைச் சுமந்து செல்கிறது. அதன் எடை ஏறக்குறைய 45 கிலோ; தொடக்கத்தில் அது தந்த மின்சாரம் 110 வாட் அளவே. ஃபேக்டோரியோவின் உலைக்கு ஈடு செய்ய இத்தகைய கருவிகள் ஏறத்தாழ 6,800 தேவைப்படும், எடை முந்நூறு டன்னைத் தாண்டும். நாசா 2018இல் அமெரிக்காவின் நெவாடாவில் சோதித்த சிறிய விண்வெளிப் பிளவு உலைத் திட்டம் கூட ஒன்றிலிருந்து பத்து கிலோவாட் மின்சாரம் வரைதான் குறி வைத்தது. இணைவின் பக்கம் போனால் ஒப்பீடு இன்னும் கூர்மையாகிறது. இங்கிலாந்தின் கல்ஹாமில் இயங்கிவந்த ஜெட் என்னும் டோக்கமாக் (காந்தப்புலத்தால் பிளாஸ்மாவை அடக்கும் வளைய வடிவ) உலை, 2023 அக்டோபர் 3 அன்று ஒரே ஓட்டத்தில் 69 மெகாஜூல் இணைவு ஆற்றலை வெளிப்படுத்தி உலக சாதனை படைத்தது. பல நாடுகளின் விஞ்ஞானிகள் பல பத்தாண்டுகள் உழைத்து எட்டிய அந்தச் சாதனை, நம் பொறியாளரின் இரண்டாம் தர மின்கலம் ஒன்றைக் கூட முழுதாக நிரப்பாது. பிரான்ஸில், இந்தியாவும் பங்கேற்க, கட்டப்பட்டுவரும் ஐட்டர் உலையின் டோக்கமாக் பகுதி மட்டும் 23,000 டன் எடை. இவற்றையெல்லாம் தெரிந்துகொண்டு மீண்டும் அந்தப் பதினாறு கட்டச் சதுரத்தைப் பார்க்கும்போது எனக்கு அதன் மீதுள்ள வியப்பு கூடுகிறதே தவிர ஒரு துளியும் குறையவில்லை.

கற்பனைக் கருவியிடம் நிஜ உலகின் இயற்பியலைக் கோருவது நியாயமாகாது. ஆனால் அந்த விளையாட்டு தானே வகுத்துக்கொண்ட இயற்பியலைக் கோரலாம், அந்த இடத்தில்தான் எனக்குக் குறை இருக்கிறது. ஃபேக்டோரியோவின் பெரிய அணு உலை அருமையாகச் சிந்திக்கப்பட்ட ஒன்று. அது 40 மெகாவாட் வெப்பத்தைத் தருகிறது. ஆயிரம் டிகிரி வரை சூடேறுகிறது. அந்த வெப்பம் குழாய்கள் வழியாகப் பரிமாற்றிகளுக்குச் சென்று, தண்ணீரை 500 டிகிரி நீராவியாக மாற்றி, விசையாழிகளைச் சுழற்றிய பிறகே மின்சாரம் ஆகிறது. ஒரு எரிபொருள் கலத்தில் 8 கிகாஜூல் இருக்கிறது, அது 200 விநாடிகளில் தீர்ந்துவிடுகிறது. இவ்வளவு ஒழுங்காக வெப்பத்தையும் எரிபொருளையும் கணக்கிடும் அதே உலகத்தில், கையடக்க உலைக்கு வெப்பமும் கிடையாது, நீரும் கிடையாது, தீர்ந்துபோகும் எரிபொருளும் கிடையாது. அதைச் செய்யும்போது போடும் நான்கு கலங்களின் மொத்த ஆற்றல் 32 கிகாஜூல். முழு வேகத்தில் 750 கிலோவாட்டை எடுத்துக்கொண்டே இருந்தால் அது ஏறக்குறைய பன்னிரண்டு மணி நேரத்துக்குப் போதும். நீண்ட ஆட்டம் ஆடுகிறவர் அந்த எல்லையைக் கடந்துவிட வாய்ப்பு உண்டு. அதன் பிறகும் உலை ஓய்வதில்லை.

பன்னிரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை கலத்தை மாற்றும்படி வைத்திருந்தால், தொழிற்சாலைக்கும் கவசத்துக்கும் இடையில் ஓர் உறவு உண்டாகியிருக்கும். இப்போது அந்த உறவு இல்லை. கவசத்தைத் தொழிற்சாலையின் மின்கம்பத்திலிருந்து மின்னேற்ற முடியாது. கவசத்தின் மிகுதி மின்சாரத்தை இருண்டு கிடக்கும் தொழிற்சாலைக்குக் கொடுக்கவும் முடியாது. ஆயிரம் குதிரைத்திறனை உடம்பில் அணிந்துகொண்டு, மின்சாரம் இல்லாமல் நின்றுபோன ஓர் இறைப்பானுக்கு முன்னால் ஒன்றும் செய்ய இயலாமல் நிற்பது உறுத்துகிறது. வடிவமைப்பாளர்கள் ஆட்டக்காரரைத் தொல்லைப்படுத்தக் கூடாது என்ற நல்லெண்ணத்தில் இப்படிச் செய்திருப்பார்கள் என்று ஊகிக்கிறேன். இருப்பினும், தொல்லையையே மகிழ்ச்சியாக மாற்றிக் காட்டும் கலையில் தேர்ந்த ஒரு குழு இந்த ஓரிடத்தில் அதைக் கைவிட்டது எனக்கு வருத்தமே.

ஸ்பேஸ் ஏஜ் விரிவாக்கம் வைத்திருப்பவர்களுக்கு இரண்டு செய்திகள் முக்கியமானவை. முதலாவது, பொருள்களின் தரத்தை உயர்த்தும் புதிய முறை. மிக உயர்ந்த தரத்தில் செய்த உலை இரண்டரை மடங்கு, அதாவது 1,875 கிலோவாட் தருகிறது. அதைவிடச் சுவையான மாற்றம் கவசத்தில் நிகழ்கிறது. தரம் ஒரு படி உயர்ந்தால் கவசத்தின் நீளமும் அகலமும் ஒரு கட்டம் கூடுகின்றன. ஏழுக்கு ஏழு எட்டுக்கு எட்டாகும்போது, ஓர் உலைக்கு மேல் ஏற்காத அதே பவர் ஆர்மர் நான்கு உலைகளை ஏற்றுக்கொள்கிறது. நான்கையும் அங்கே வைத்தால் வேறெதற்கும் இடமிருக்காது என்பது உண்மைதான், ஆனால் இரண்டை வைத்துவிட்டு எஞ்சிய பாதியை விருப்பம்போல் பயன்படுத்தலாம். இரண்டாவது செய்தி, புதிய இணைவு உலை. அதே பதினாறு கட்டத்தில் அது 2.5 மெகாவாட் தருகிறது. ஆனால் அக்விலோ என்ற உறைபனிக் கோள் வரை பயணம் செய்து தொழில் நிறுவிய பிறகே கைக்கு வரும் என்பதால், ஆட்டத்தின் பெரும்பகுதிக்குப் பழைய பிளவு உலையே துணை. அந்த நெடுவழிக் காலம் முழுவதும் அது சலிக்காமல் உழைக்கிறது.

எத்தனை உலைகள் செய்து வைக்க வேண்டும் என்பதற்கு என் பரிந்துரை இது. பவர் ஆர்மர் மட்டும் இருக்கும்போது உலையைச் செய்ய அவசரப்பட வேண்டாம். அந்த நீல சர்க்யூட்டுகளை இரண்டாம் தரக் கவசத்துக்குக் கொடுங்கள். அது கைக்கு வந்ததும் இரண்டு உலைகள். எட்டுக் கால் இயந்திரமான ஸ்பைடர்ட்ரானைச் செய்யும் எண்ணம் இருந்தால் அதன் செய்முறையே இரண்டு உலைகளைக் கேட்கிறது, கூடவே ஒரு மீனையும் கேட்கிறது. அப்படிக் கொடுக்கும் இரண்டு உலைகள் இயந்திரத்தின் உடலாக மாறிவிடுகின்றன. அதற்குள் பொருத்தும் லேசர்களுக்கும் கேடயங்களுக்கும் அவை மின்சாரம் தருவதில்லை. ஸ்பைடர்ட்ரானின் உட்கட்டங்கள் பத்துக்கு ஆறு. அதில் மேலும் இரண்டு உலைகள் பக்கம் பக்கமாக நிற்கும், மூன்றாவதற்கு இடம் கிடையாது. ஆக ஒவ்வொரு ஸ்பைடர்ட்ரானுக்கும் நான்கு உலைகளைக் கணக்கில் வைத்துக்கொண்டு, அதற்கேற்ற 36,000 செப்புத் தகடுகளுக்கு இப்போதே சுரங்கத்தைத் திறந்துவிடுவது நல்லது.